கப்பல் போய்விட்டது, கூரை நிற்கிறது

இங்கிலாந்தின் கென்ட் பகுதியில், மெட்வே ஆற்றங்கரையில் இருக்கிறது சாட்டம். அங்குள்ள பழைய கடற்படைக் கப்பல்துறைக்குள் ஒரு செங்கல் கட்டடம் 346 மீட்டர் நீளத்துக்கு ஒரே நேர்கோடாகப் போகிறது. அதன் அகலம் நீளத்தில் இருபதில் ஒரு பங்குகூட வராது. ஒரு முனையில் நின்றால் மறுமுனையில் நிற்பவரின் முகம் தெரியாது. உள்ளே போய்வர வேலையாட்கள் சைக்கிள் வைத்திருக்கிறார்கள். 1786-ல் தொடங்கி 1791-ல் முடித்த வேலை இது. அழகுக்காக எவரும் இப்படி ஒரு கட்டடத்தை வரைந்திருக்க மாட்டார்கள். அதன் நீளத்தை முடிவுசெய்தது கயிறு.

அன்றைய பெரிய போர்க்கப்பலின் நங்கூர வடம் 120 பாகம் இருக்கும். அதாவது ஏறத்தாழ 220 மீட்டர். இடையில் ஒட்டு இல்லாமல் ஒரே துண்டாக வேண்டும். முறுக்க முறுக்கக் கயிறு குட்டையாகும் என்பது கயிறு திரித்த எவருக்கும் தெரியும். 300 மீட்டருக்கு மேல் இழையை நீட்டிப் போட்டால்தான் கடைசியில் 220 மீட்டர் வடம் மிஞ்சும். இழையைச் சுருட்டி வைத்துக்கொண்டும் முறுக்க முடியாது. முழு நீளமும் ஒரே இழுவிசையில் நேராகக் கிடக்க வேண்டும். ஓர் இழை தொய்ந்திருந்தால் அது சுமையில் தன் பங்கை எடுக்காது. பக்கத்து இழைகள் அதையும் சேர்த்துச் சுமந்து முதலில் அறுந்துபோகும். புயலில் நங்கூர வடம் அறுந்தால் கப்பல் பாறையில்தான் போய் நிற்கும்.

ஒரு கேள்வியை இங்கே நின்று கேட்டுவிடலாம். வடம் செய்யப் பயன்பட்ட ஹெம்ப் நாரின் நீளம் ஒன்றிரண்டு மீட்டர்தான். அவ்வளவு குட்டையான நார்களால் ஆன 220 மீட்டர் வடம், பல டன் எடையுள்ள இழுப்பில் ஏன் நார்நாராகப் பிரிந்து வழுக்கிப் போவதில்லை? கலிலியோவே 1638-ல் வெளியான தன் கடைசிப் பெரிய நூலில் இதைக் கேட்டிருக்கிறார். விடை உராய்வில் இருக்கிறது. முறுக்கிய இழையை இழுக்கும்போது வெளிச்சுற்று நார்கள் உள்ளே இருப்பவற்றை நெருக்குகின்றன. நெருக்கம் கூடக்கூட உராய்வும் கூடும். ஆக, எவ்வளவு பலமாக இழுக்கிறோமோ அவ்வளவு இறுக்கமாகத் தன்னைத்தானே பிடித்துக்கொள்ளும் பொருள் கயிறு. ஒரு கட்டத்தில் வழுக்குவதைவிட அறுவது நாருக்கு எளிதாகிவிடுகிறது. அதற்குமேல் வடத்தின் வலிமை நாரின் வலிமையைப் பொறுத்தது.

அந்த முறுக்கு அவிழாமல் நிற்பதும் ஒரு தந்திரம்தான். இழையை ஒரு திசையில் முறுக்குவார்கள். பல இழைகளைச் சேர்த்துப் புரியாக்கும்போது எதிர்த்திசையில். மூன்று புரிகளைச் சேர்த்து வடமாக்கும்போது மறுபடி முதல் திசையில். இழை அவிழப் பார்க்கும் திசையில் புரி இறுகும். புரி அவிழப் பார்த்தால் வடம் இறுகும். ஒன்றையொன்று தடுத்துக்கொண்டு மூன்றும் சமநிலையில் நிற்கின்றன.

சாட்டத்தில் இந்த வேலை எப்படி நடந்தது என்று பார்த்தால் அதன் உழைப்பு புரியும். ரஷ்யப் பக்கமிருந்து வந்த ஹெம்ப் நாரை ஆணிப் பலகையில் இழுத்துச் சிக்கெடுப்பார்கள். நூற்பவர் நார்க்கட்டை இடுப்பில் சுற்றிக்கொண்டு, முனையைச் சுழலும் கொக்கியில் மாட்டிவிட்டு, விரலால் நாரை விட்டுக்கொடுத்தபடியே பின்னோக்கி நடப்பார். பிறகு இழைகள் சூடான தாரில் முங்கி எழும். தார் நாரின் வலிமையைச் சற்றுக் குறைக்கும் என்று அவர்களுக்குத் தெரியும்; ஆனாலும் தார் இல்லாத வடம் கடல்நீரில் சீக்கிரம் மக்கிவிடும். கடைசியில் மூன்று பள்ளங்கள் வெட்டிய கூம்பு வடிவ மரக்கட்டை ஒன்றின் வழியாகப் புரிகள் ஓடும். கட்டை முன்னே நகர, அதன் பின்னே வடம் பிறந்துகொண்டே வரும். மனித பலத்தால் முறுக்கிய காலத்தில் ஒரு பெரிய வடத்துக்கு நூற்றுக்கும் மேற்பட்ட ஆட்கள் தேவைப்பட்டார்கள்.

நாரும் தாரும் நிறைந்த இடத்தில் மெழுகுவத்தி ஏற்ற முடியாது. தீப் பயம் வீண்பயம் இல்லை. 1776 டிசம்பரில் ஜேம்ஸ் எயிட்கன் என்ற பெயின்டர், அமெரிக்கப் புரட்சிக்கு உதவுகிறேன் என்று கிளம்பி, போர்ட்ஸ்மத் கப்பல்துறையின் கயிற்றாலையைக் கொளுத்திவிட்டார். மறு ஆண்டு அவரைத் தூக்கிலிட, ஒரு போர்க்கப்பலின் பாய்மரத்தைக் கழற்றிக் கொண்டுவந்து கப்பல்துறை வாசலில் நட்டார்கள்.

சாட்டம் ஆலையில் 1811-ல் ஹென்றி மாட்ஸ்லே செய்த புரி முறுக்கும் இயந்திரங்கள் வந்தன. 1860களில் நூற்கும் இயந்திரங்களும், அவற்றை இயக்கப் பெண்களும் வந்தார்கள். ஆண்களோடு கலந்துவிடக் கூடாதென்று பெண்களுக்குத் தனி வாசல், தனி நேரம். ஆண்களின் ஒழுக்கத்தைக் காப்பாற்றப் பெண்களைச் சுற்றுவழியில் அனுப்பும் பழக்கம் எல்லா ஊருக்கும் பொது போலிருக்கிறது.

மாட்ஸ்லேயின் அந்த இயந்திரங்கள் இன்னும் ஓடுகின்றன. கடற்படை போன பிறகும் அதே கட்டடத்தில் வணிகத்துக்காகக் கயிறு திரிக்கிறார்கள். நாரின் இடத்துக்குச் செயற்கை இழையும் வந்துவிட்டது. முறுக்கின் கணக்கு மாறவில்லை. ஆகவே கட்டடமும் மாற வேண்டியிருக்கவில்லை. சாட்டத்தின் நானூறு ஆண்டுக் கதையை நான் இந்தக் கோணத்தில்தான் படிக்கிறேன். கப்பல் எந்தப் பொருளால் ஆனதோ, அந்தப் பொருளின் குணம் கப்பல்துறையின் கட்டடங்களை வடிவமைத்தது. துறையை மூடிய பிறகு எந்தக் கட்டடம் பிழைத்தது, எது போனது என்பதையும் பெரும்பாலும் அந்தப் பொருளே முடிவுசெய்தது.

வரலாற்றைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். எட்டாம் ஹென்றியின் கடற்படை 1547-ல் மெட்வே கரையில் ஒரு பண்டகசாலையை வாடகைக்கு எடுத்தது. 1567-ல், முதலாம் எலிசபெத் காலத்தில், அது அரச கப்பல்துறை ஆனது. அடுத்த நூற்றாண்டின் தொடக்கத்தில் ஆற்றின் போக்கில் சற்றுக் கீழே, இப்போதிருக்கும் இடத்துக்கு நகர்ந்தது. 1667 ஜூனில் டச்சுக் கப்பற்படை ஆற்றுக்குள்ளேயே நுழைந்து, குறுக்கே கட்டியிருந்த இரும்புச் சங்கிலியை உடைத்து, கப்பல்களை எரித்து, 'ராயல் சார்லஸ்' என்ற கொடிக்கப்பலை இழுத்துக்கொண்டே போய்விட்டது. அதன் பின்புற மரச்சிற்பம் இன்றும் ஆம்ஸ்டர்டாம் அருங்காட்சியகத்தில் இருக்கிறது. டச்சுக்காரர்களைவிடப் பெரிய எதிரி ஒன்று அந்த ஆற்றுக்குள்ளேயே இருந்தது. வளைவு நெளிவான மெட்வேயில் வண்டல் படிந்துகொண்டே இருக்கும். பெரிய கப்பல் ஓதம் ஏறும்வரை காத்திருந்துதான் வர வேண்டும். அதனால் படையே நிலைகொள்ளும் துறைமுகம் என்ற இடம் போர்ட்ஸ்மத்துக்கும் பிளிமத்துக்கும் போயிற்று. சாட்டம் கப்பல் கட்டுவதிலும் பழுது பார்ப்பதிலும் நிலைத்தது.

அங்கே கட்டியவற்றுள் புகழ்பெற்றது 'விக்டரி'. 1759 ஜூலையில் ஏரா போட்டார்கள். ஏரா என்பது கப்பலின் அடிமுதுகுக் கட்டை. 1765 மே மாதம் தண்ணீரில் இறங்கியது. ஏறக்குறைய 6,000 மரங்கள், பெரும்பாலும் ஓக். வங்குக்கால் என்னும் விலா எலும்புகளுக்கு நேராக வளர்ந்த மரம் உதவாது. காட்டில் தானே வளைந்து வளர்ந்த மரமாகத் தேடிப்பிடித்து வெட்டுவார்கள். அப்போதுதான் மர இழையோட்டம் வளைவோடு சேர்ந்தே போகும், பிளக்காது. கப்பல் தச்சர்கள் மிச்சத் துண்டுகளைத் தோளில் சுமந்து வீட்டுக்குக் கொண்டுபோகும் உரிமையும் வைத்திருந்தார்கள். 'மிச்சம்' என்ற சொல்லுக்கு அவர்கள் கொடுத்த பொருள் மிகவும் தாராளமானது. நல்ல மரத்தையே தோளுக்கு ஏற்ற நீளத்தில் அறுத்துக்கொள்கிறார்கள் என்ற புகார் ஓயவே இல்லை. 1801-ல் அந்த உரிமையை நிறுத்திப் பணமாகக் கொடுக்க ஆரம்பித்தார்கள்.

விக்டரியின் எலும்புக்கூட்டை எழுப்பிய பிறகு பலகை அடிக்காமல் மூன்று ஆண்டுகள் விட்டுவைத்தார்கள். வழக்கமாகச் சில மாதங்கள்தான் விடுவார்கள். போரின் அவசரம் தணிந்துவிட்டதால் கிடைத்த ஓய்வு அது. அந்த மூன்று ஆண்டில் மரம் நன்றாக உலர்ந்ததுதான் அதன் நீண்ட ஆயுளுக்கு ஒரு காரணம் என்று சொல்வதுண்டு.

உலர்வதில் அப்படி என்ன இருக்கிறது? மரத்தை மக்கவைக்கும் பூஞ்சைகளுக்கு ஈரம் வேண்டும். மரத்தின் ஈரப்பதம் சுமார் 20 விழுக்காட்டுக்குக் கீழே இருந்தால் அவற்றால் தொடங்க முடியாது. கடற்படைக்காரர்கள் நடுங்கிய 'உலர் மக்கல்' பூஞ்சை இவற்றில் தனிப்பிறவி. ஈரமான இடத்தில் வேர்பிடித்துவிட்டால் போதும், நரம்புபோன்ற இழைகள் வழியாகத் தண்ணீரைக் கடத்திக்கொண்டுபோய் உலர்ந்த மரத்தையும் தின்னும். மரத்திலிருந்து செல்லுலோஸைக் கரைத்துத் தின்றுவிட்டு, பழுப்பான எச்சத்தைச் சதுரம் சதுரமாக வெடித்த நிலையில் விட்டுவைக்கும். அழுத்தினால் கையில் பொடியாகும்.

நெப்போலியன் காலப் போர்களில் ஓக் தட்டுப்பாடு வந்தது. வெட்டிய மரத்தை உலரவிட நேரமில்லை. கட்டுமானம் நடந்ததோ திறந்த வெளியில், மழையில், ஆண்டுக்கணக்கில். 1810-ல் இறங்கிய 'குயீன் ஷார்லட்' என்ற நூறு பீரங்கிக்கும் மேற்பட்ட பெருங்கப்பல், ஓரிரு ஆண்டுக்குள் உள்ளே காளான் முளைத்துக் கிடந்தது. அதைப் பார்வையிட, பூஞ்சைகளை வரைந்து பெயர்பெற்ற ஜேம்ஸ் சவர்பி என்ற இயற்கை ஆய்வாளரை அழைத்துவர வேண்டியிருந்தது. ஒரு போர்க்கப்பலுக்குத் தாவரவியலாளர் வைத்தியம் பார்த்தது அனேகமாக அதுதான் முதல் தடவையாக இருக்கும்.

இதற்குக் கிடைத்த மருந்து மிகச் சாதாரணமானது: கட்டும் கப்பலுக்கு மேல் கூரை போடுவது. சாதாரணம் என்று சொன்னாலும், ஒரு போர்க்கப்பல் அடங்கும் அளவுக்கு, நடுவில் தூண் இல்லாத கூரை என்பது அன்று கடினமான கட்டுமானப் புதிர். கப்பல் தச்சர்கள் அதைத் தங்களுக்குத் தெரிந்த வழியிலேயே அவிழ்த்தார்கள். கப்பலைக் கட்டித் தண்ணீரில் இறக்கும் சாய்தளங்களில், சாட்டத்தின் 3-ம் எண் தளத்தின் மீது 1838-ல் எழுப்பிய மரக்கூரையை உள்ளிருந்து அண்ணாந்து பார்த்தால், ஒரு கப்பலைக் கவிழ்த்து வைத்ததுபோல் இருக்கும்.

இதில் ராபர்ட் செப்பிங்ஸ் என்பவரைப் பற்றி ஒரு வார்த்தை. 1804-லிருந்து சாட்டத்தின் தலைமைக் கப்பல் தச்சராக இருந்தவர். அவர் எடுத்துக்கொண்ட சிக்கல் வேறு. கப்பலின் நடுப்பகுதி அகலமானது, தண்ணீர் அதைப் பலமாக மேலே தூக்கும். இரு முனைகளும் ஒடுங்கியவை. எடை இருக்கும், தாங்கும் தண்ணீர் குறைவு. நாளாக நாளாக முனைகள் தொங்கி நடு எழும்பி, கப்பல் முதுகு வளைந்துவிடும். செங்குத்து விலாக்களும் கிடைமட்டப் பலகைகளும் சேர்ந்து சதுரங்களாகின்றன. சதுரத்தைத் தள்ளினால் சாய்சதுரமாகிவிடும். குறுக்கே ஒரு கட்டை அடித்து முக்கோணமாக்கினால் அசையாது. செப்பிங்ஸ் செய்தது அதுதான். 1810 வாக்கில் 'டிரெமண்டஸ்' என்ற கப்பலைச் சாட்டத்தில் பழுது பார்க்கும்போது உள்ளே மூலைவிட்டக் கட்டைகளைப் பொருத்தினார். முனைகள் தொங்கவில்லை. ராயல் சொசைட்டி 1818-ல் அவருக்குக் கோப்ளி பதக்கம் கொடுத்தது. பள்ளிப்புத்தக முக்கோணத்துக்கு இதைவிடப் பெரிய மரியாதை கிடைத்திருக்க முடியாது.

அடுத்த எதிரி தண்ணீருக்கடியில் இருந்தது. மரத்தைத் துளைத்துக் குடியிருக்கும் கப்பல்புழு பார்க்கப் புழுபோல் இருந்தாலும் சிப்பி இனத்தைச் சேர்ந்தது. சிறுத்துப்போன இரண்டு ஓடுகளையும் துளைக்கும் கருவியாக வைத்திருக்கிறது. 1761-ல் 'அலார்ம்' என்ற கப்பலின் அடிப்பக்கத்துக்குச் செப்புத் தகடு அடித்துச் சோதித்தார்கள். புழுவும் அண்டவில்லை, பாசியும் கொட்டலசும் பிடிக்கவில்லை, கப்பல் வேகமாகவும் ஓடியது. ஆனால் தகட்டைத் தொட்டுக்கொண்டிருந்த இரும்பு ஆணிகள் அரித்துப்போயிருந்தன. கடல்நீரில் செம்பும் இரும்பும் தொட்டுக்கொண்டால் அது ஒரு மின்கலம். இரும்பு கரைந்து செம்பைக் காப்பாற்றும். மின்கலம் என்ற ஒன்றை வோல்ட்டா உருவாக்க இன்னும் நாற்பது ஆண்டுகள் இருந்தன. கடற்படையிடம் முடிவு இருந்தது, விளக்கம் இல்லை. 1780களில் இரும்பு ஆணிகளுக்குப் பதிலாகச் செப்புக் கலவை ஆணிகளுக்கு மாறிய பிறகுதான் சிக்கல் தீர்ந்தது.

அறிவியல் வந்தபோது அது வேறு பாடம் சொன்னது. 1824-ல் ஹம்ஃப்ரி டேவி, செம்பு அரிக்காமல் இருக்க அதோடு இரும்புத் துண்டுகளைப் பொருத்தலாம் என்றார். செம்பு பளபளவென்று இருந்தது. ஆனால் கொட்டலசு மொய்த்துவிட்டது. செம்பு கொஞ்சம் கொஞ்சமாகக் கரைவதுதான் உயிரிகளை விரட்டிக்கொண்டிருந்தது என்பது அப்போதுதான் தெரிந்தது. டேவியின் முறையைக் கைவிட்டார்கள். இன்று கப்பல்களின் அடியிலும் குழாய்களிலும் துத்தநாகக் கட்டிகளைப் பொருத்துவது அதே முறைதான். நூறாண்டு கழித்து வேறு உலோகத்துக்காகத் திரும்பி வந்தது.

மரத்துக்கும் இரும்புக்கும் இடைப்பட்ட காலத்தின் சாட்சியாகச் சாட்டத்தில் இப்போது நிற்கிறது 'கேனட்' என்ற கப்பல். பக்கத்து ஷீர்னெஸ் கப்பல்துறையில் 1878-ல் இறங்கியது. விலாக்கள் இரும்பு, மேலே தேக்குப் பலகை, அதற்கும் மேலே செம்பு. பலகை நடுவே நிற்பதால் இரும்பும் செம்பும் தொட்டுக்கொள்வதில்லை. ஓக்கில் உள்ள டானிக் அமிலம் இரும்பை அரிக்கும். தேக்கின் எண்ணெய்ப்பசை அப்படிச் செய்யாது. மூன்று பொருட்களின் சண்டையை இப்படி ஒரே உடம்பில் சமாதானம் செய்துவைத்திருக்கிறார்கள்.

முழு இரும்புக் கப்பல் அதற்கு முன்பே வந்துவிட்டது. அரசக் கப்பல்துறை ஒன்றில் கட்டிய முதல் இரும்புப் போர்க்கப்பல் 'அக்கிலிஸ்', 1863 டிசம்பரில் சாட்டத்தில் மிதந்தது. விக்டரி பிறந்த அதே இடத்தில், 2-ம் எண் உலர்துறையில் கட்டினார்கள். இரும்பு வேலைக்காக வெளியிலிருந்து வந்த கொதிகலன் தொழிலாளர்கள் வேலைநிறுத்தம் செய்தபோது, நிர்வாகம் கப்பல் தச்சர்களைக் கூப்பிட்டு இரும்பு வேலை பழகச் சொன்னது. அவர்களும் பழகிவிட்டார்கள். கோடரி பிடித்த கை தகட்டை வளைக்கக் கற்றுக்கொண்டது.

இரும்பு வந்ததும் கூரைக்கான காரணம் போய்விட்டது. மழைக்கு இரும்பு மக்காது. துரு பிடிக்கும், அதற்கு வண்ணம் இருக்கிறது. வேடிக்கை என்னவென்றால், சாட்டத்தின் மிகச் சிறந்த கூரைகள் அப்போதுதான் புதிதாக எழும்பியிருந்தன. 4, 5, 6-ம் எண் சாய்தளங்களின் இரும்புக் கூரைகள் 1847-48-ல் வந்தவை. 7-ம் எண்ணின் கூரை 1850களில். லண்டனின் கிரிஸ்டல் பேலஸ் 1851-ல்தான் வந்தது. கண்ணாடி மாளிகைகளையும் பெரிய ரயில் நிலையங்களையும் புகழும் கட்டடக்கலை வரலாறுகள் இந்தச் சேற்றுக்கரைக் கொட்டகைகளை ஓரமாக ஒதுக்கிவிடுவது எனக்கு ஒப்பவில்லை. அகன்ற இரும்புக் கூரை எப்படி நிற்கும் என்பதைக் கப்பல்துறைகளில் வேலை பார்த்த ராணுவப் பொறியாளர்கள் முன்னதாகவே பழகிவிட்டிருந்தார்கள்.

கப்பல்கள் நீண்டுகொண்டே போயின. பழைய சாய்தளங்கள் போதவில்லை. 1862 முதல் 1885 வரை, பக்கத்துச் செயின்ட் மேரீஸ் தீவின் சதுப்பு நிலத்தை வெட்டி மூன்று பெரிய நீர்த்தொட்டிகள் அமைத்தார்கள். வெட்டியதில் பெரும்பங்கு தண்டனைக் கைதிகள். செங்கல்லையும் அவர்களே அறுத்துச் சுட்டார்கள். கப்பல்துறையின் பரப்பு நான்கு மடங்கானது.

இங்கே ஒரு செய்தியைக் கவனிக்க வேண்டும். புதிய பகுதிக்குக் கொதிகலன் பட்டறை தேவைப்பட்டபோது, சாட்டம் புதுக்கட்டடம் கட்டவில்லை. தேம்ஸ் கரையில் வுலிச் கப்பல்துறையை 1869-ல் மூடியிருந்தார்கள். அங்கே 1840களில் எழுப்பிய சாய்தளக் கூரையின் இரும்புச் சட்டகத்தைக் கழற்றிக் கொண்டுவந்து, 1876-ல் சாட்டத்தில் நிறுத்திச் சுவர் வைத்துப் பட்டறையாக்கினார்கள். இயந்திரப் பட்டறை ஒன்றுக்கும் அதே கதை. மரச்சட்டகத்தை இப்படிக் கழற்றினால் மூட்டுகள் பிய்ந்துவிடும். வார்ப்பிரும்பும் தேனிரும்புமாக, எண் போட்டு, திருகாணியால் மூட்டிய சட்டகம் ஊர்விட்டு ஊர் போகும். அந்தக் கொதிகலன் பட்டறை 2003 முதல் தள்ளுபடிக் கடைகளின் வணிக வளாகம். அதாவது அந்தக் கூரைக்கு அது மூன்றாவது பிழைப்பு.

இருபதாம் நூற்றாண்டில் சாட்டத்தின் பிழைப்பு நீர்மூழ்கிகள். 1905-ல் இறங்கிய 'ஆப்பிரிக்கா'வோடு பெரிய போர்க்கப்பல் கட்டுவது நின்றுவிட்டது. ஆறு அதற்கு மேல் இடம் கொடுக்கவில்லை. 1908 முதல் 1966 வரை 57 நீர்மூழ்கிகள் இங்கே பிறந்தன. பிரிட்டிஷ் கடற்படைக்காக இங்கே கட்டிய கடைசி நீர்மூழ்கி 'ஓசலாட்', 1962. அதற்குப் பின் கனடாவுக்காகக் கட்டிய 'ஓகனாகன்' 1966-ல் இறங்கியதோடு கப்பல் கட்டும் வேலை முடிந்தது. 1968-ல் அணுசக்தி நீர்மூழ்கிகளுக்கு எரிபொருள் மாற்றும் வளாகம் திறந்தார்கள். நீர்மூழ்கியை உலர்துறையில் ஏற்றி, உடலை வெட்டித் திறந்து, தேய்ந்த எரிபொருளைக் கவச உறைக்குள் தூக்கி வெளியே எடுத்து, புதியதை வைத்து, மறுபடி பற்றவைத்து மூடும் வேலை. சணல்கழிவும் தாரும் வைத்துப் பலகை இடுக்கை அடைத்த பரம்பரையின் பேரப்பிள்ளைகள் சட்டைப்பையில் கதிர்வீச்சு அளவியோடு வேலைக்கு வந்தார்கள்.

1981 ஜூனில் பாதுகாப்பு அமைச்சர் ஜான் நாட், சாட்டத்தை மூடப்போவதாக அறிவித்தார். மறு ஆண்டு ஃபாக்லாந்து போர் வந்தது. மூடப்போகிற துறையிலும் வேலை பறந்தது. தீர்ப்பு மாறவில்லை. 1984 மார்ச் 31-ல் கதவைச் சாத்தினார்கள். ஏழாயிரம் வேலைகள் போயின. தலைமுறை தலைமுறையாக அப்பா, மாமா, மகன் என்று ஒரே வாசல் வழியாக வேலைக்குப் போன ஊருக்கு அது என்ன அடி என்பதைக் கட்டடங்களின் கதையால் சொல்லிவிட முடியாது.

நிலத்தை மூன்றாகப் பிரித்தார்கள். பழைய மர யுகப் பகுதி, சுமார் 80 ஏக்கர், ஓர் அறக்கட்டளைக்கு. ஒரு நீர்த்தொட்டி வணிகத் துறைமுகத்துக்கு. மற்றதெல்லாம் வீடுகள், படகுத்துறை, கடைகள், கல்லூரிகளுக்கு.

மர யுகக் கட்டடங்கள் ஏன் சுலபமாக வேறு வேலைக்குப் போயின? பெரிய கூரை, தூண் இல்லாத தரை, மேலிருந்து வெளிச்சம், கப்பலையே தாங்கிய அடித்தளம். இந்த நான்கும் இருந்தால் எதையும் உள்ளே வைக்கலாம். 3-ம் எண் சாய்தளத்தைக் கடற்படையே இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் மண்போட்டு மூடி, உள்ளே ஒரு மாடித்தளம் அமைத்துப் படகுக் கிடங்காக்கியிருந்தது. அந்த மாடியில் ஏறினால் மரக்கூரையின் மூட்டுகள் நெருக்கத்தில் தெரியும். கீழே கண்காட்சியும் விருந்தும் நடக்கின்றன. 4-ம் எண் கூரையின் கீழ் உயிர்காப்புப் படகுகளின் அருங்காட்சியகம். விக்டரியும் அக்கிலிஸும் பிறந்த உலர்துறையில் 1944-ன் 'கேவலியர்' என்ற நாசகாரிக் கப்பல். செங்கல் சந்துகளில் 'கால் தி மிட்வைஃப்' தொலைக்காட்சித் தொடரின் படப்பிடிப்பு. கேமரா முன்னால் சாட்டம் பழைய கிழக்கு லண்டனாக நடித்திருக்கிறது. அதிகாரிகள் வாழ்ந்த வீடுகளில் இன்று வாடகைக்குக் குடியிருக்கிறார்கள். அருங்காட்சியகச் சீட்டு விற்று மட்டும் 80 ஏக்கரின் ஓடுகளை மாற்ற முடியாது என்பதை அறக்கட்டளை சீக்கிரமே புரிந்துகொண்டது. பழமையைக் காப்பாற்றுவதில் வாடகைக்கு நிகரான பாதுகாவலர் இல்லை என்றே தோன்றுகிறது.

1808-ன் கொல்லுப்பட்டறைக்கு இவ்வளவு சுலபம் வாய்க்கவில்லை. நங்கூரங்களை அடித்தபோது எழுந்த புகையும் கரியும் படிந்துபோன கட்டடம். பல ஆண்டு பாழாகக் கிடந்தது. 2010-ல் திறந்தபோது அது கப்பல் மாதிரிகளின் காப்பகம். தேசிய அருங்காட்சியகங்களுக்குச் சொந்தமான ஆயிரக்கணக்கான மாதிரிகளை அங்கே வெப்பமும் ஈரப்பதமும் கட்டுப்படுத்திய அறைகளில் வைத்திருக்கிறார்கள். நிஜக் கப்பல்களுக்கு ஒருபோதும் கிடைக்காத உலர்ந்த காற்று, அவற்றின் பொம்மைகளுக்குக் கிடைத்துவிட்டது.

சக்கரத் தச்சர்களின் பட்டறையில் 1995-ல் பழுது பார்க்கத் தரைப்பலகையைப் பெயர்த்தார்கள். கீழே அடுக்கடுக்காகக் கப்பல் விலாக்கள். பலகையில் இருந்த தச்சர் குறிகளையும் அளவுகளையும் வைத்து ஆண்டுக்கணக்கில் ஆராய்ந்து, அவை 1756-ல் சாட்டத்திலேயே கட்டி, 1833-ல் அங்கேயே உடைத்த 'நமூர்' கப்பலின் மரங்கள் என்று 2012-ல் அறிவித்தார்கள். ஜேன் ஆஸ்டனின் தம்பி சார்லஸ் தலைமையேற்ற கப்பல். அடிமையாக இருந்து விடுதலை பெற்று எழுத்தாளரான ஒலாடா எக்வியானோ சிறுவனாகப் பணிசெய்த கப்பல். நினைவுச்சின்னமாகத் தச்சர்கள் ஒளித்துவைத்தார்கள் என்று ஒரு கருத்து உண்டு. எனக்கு அதைவிடச் சிக்கனம்தான் காரணமாகப் படுகிறது. எழுபது ஆண்டு கடலில் கிடந்து மக்காத ஓக்கைத் தரைக்கடியில் போடாமல் விறகாக எரிக்க எந்தத் தச்சனுக்கு மனம் வரும்?

கடற்படைக் குடியிருப்பின் பயிற்சிக் கூடம் வேறொரு சுமையையும் சுமந்துகொண்டிருக்கிறது. 1902 வாக்கில் கண்ணாடிக் கூரையோடு கட்டிய நெடிய மண்டபம். 1917 செப்டம்பர் 3 இரவு இடமில்லாமல் நூற்றுக்கணக்கான மாலுமிகள் அங்கே படுத்திருந்தபோது ஜெர்மானிய விமானங்கள் குண்டு போட்டன. குண்டைவிடக் கண்ணாடிச் சில்லுகளே அதிகம் வெட்டின. 130-க்கும் மேற்பட்டோர் இறந்தார்கள். இன்று அது ஒரு பல்கலைக்கழக நூலகம். கோணல்மாணலாகப் புதிதாக எதையும் திணிக்காமல் நீளத்தை நீளமாகவே விட்டு, புத்தக அடுக்குகளை அடுக்கியிருக்கிறார்கள்.

செயின்ட் மேரீஸ் தீவுக்கு வந்தால் கதை மாறுகிறது. அங்கே நிலைத்து நின்றது கூரை இல்லை, கழிவு. நூறு ஆண்டு இரும்பு யுகம் ஆஸ்பெஸ்டாஸையும் எண்ணெயையும் கன உலோகங்களையும் அந்த மண்ணில் கொட்டியிருந்தது. வீடு கட்டுவதற்கு முன் கெட்ட மண்ணை வெட்டி எடுத்து அப்புறப்படுத்தி, மேலே நல்ல மண்ணைப் பரப்ப வேண்டியிருந்தது. மரத் தூளும் நார்க்குப்பையும் தாமே மண்ணாகிவிடும். காரீயம் எத்தனை ஆண்டு ஆனாலும் காரீயமாகவே இருக்கும்.

அணுசக்தி வளாகமோ அடியோடு போய்விட்டது. தடித்த கான்கிரீட் சுவர், கழிவுநீரைப் பிடித்துவைக்கும் தொட்டிகள், ஒரே வேலைக்கென்று அமைத்த பாரந்தூக்கிகள். அதற்குள் வேறு எதையும் வைக்க வழியில்லை. கதிர்வீச்சு சோதித்துச் சுத்தம் செய்து இடித்தார்கள். 1968-ல் திறந்தது, 16 ஆண்டு வேலை பார்த்தது. பக்கத்திலேயே 1791-ன் ஆலையில் கயிறு ஓடிக்கொண்டிருக்கிறது.

அந்த வளாகத்துக்கு வந்த நீர்மூழ்கிகளின் கணக்கு இன்னும் முடியவில்லை. 1970களின் தொடக்கத்தில் சாட்டத்தில் பெரும் பழுதுபார்ப்பை முடித்துக்கொண்டு போன 'வேலியன்ட்' 1994-ல் ஓய்வுபெற்றது. முப்பது ஆண்டு கழிந்தும் டெவன்போர்ட் துறையில் மிதந்துகொண்டே இருக்கிறது; மற்ற ஓய்வுபெற்ற அணு நீர்மூழ்கிகள் அதே துறையிலும் ஸ்காட்லாந்தின் ரோசைத்திலும். முழுவதுமாகப் பிரிக்கும் வேலைக்கு முதலில் ரோசைத்தில் 'ஸ்விஃப்ட்ஷர்' என்ற நீர்மூழ்கியை எடுத்துக்கொண்டார்கள். உலையின் அழுத்தக்கலனை வெட்டி எடுத்த பிறகு, உடலின் எஃகை உருக்கிவிடலாம், அது சிக்கலில்லை. அழுத்தக்கலன் கேப்பன்ஹர்ஸ்ட்டில் உள்ள இடைக்காலக் கிடங்குக்குப் போகும். அங்கிருந்து அதைப் பூமிக்கு அடியில் ஆழத்தில் புதைக்க ஒரு நிரந்தரக் கிடங்கு வேண்டும். அந்தக் கிடங்கை இன்னும் தோண்ட ஆரம்பிக்கவில்லை.